கார் ஏர் ஃபில்டர்: வீட்டுலயே மாத்தலாமா, சர்வீஸ் சென்டர்ல விடலாமா, மெக்கானிக்கிட்ட போகலாமா?

ஏர் ஃபில்டர் மாத்தணும்னு வந்தாலே ஆளுக்கு ஒண்ணு சொல்லி நம்மள குழப்பிடுறாங்க. சர்வீஸ் அட்வைசர் எஸ்டிமேட்ல எழுதி நீட்டுறாரு, யூடியூப்ல பார்த்தா யாரோ ரெண்டு நிமிஷத்துல கழட்டி மாட்டிடுறாங்க, பக்கத்து வீட்டு அண்ணன் "புதுசு எதுக்குப்பா, ஏர் அடிச்சு போடு, இன்னும் ஒரு வருஷம் ஓடும்"ங்கிறாரு, ஆபீஸ்ல ஒருத்தர் "கழுவிக் கழுவி யூஸ் பண்ற ஃபில்டர் வாங்கிப் போட்டுடுங்க, அப்புறம் கவலையே இல்ல"ங்கிறாரு. எல்லாருமே அவங்கவங்க அனுபவத்துல இருந்துதான் சொல்றாங்க, ஆனா அவங்க வண்டி வேற, ஓடுற ரோடு வேற, உங்களது வேற.

என் கருத்தை முதல்லயே சொல்லிடுறேன். யார் கையால மாத்துறாங்கங்கிறது ரெண்டாவது விஷயம்தான். புது ஃபில்டரோட ஓரம் பாக்ஸ்ல முழுசா உட்கார்ந்திருக்கா, மாத்தும்போது அழுக்குப் பக்கத்துத் தூசி சுத்தமான பக்கத்துக்குள்ள விழாம இருந்துச்சா, இந்த ரெண்டும்தான் முக்கியம். இதை நிதானமா பண்ற ஆள் நீங்கன்னா, உங்க வண்டி ஃபில்டர் பாக்ஸ் மூடில கிளிப் போட்ட சாதாரண பெட்ரோல் கார்னா, நீங்களே மாத்துறதுதான் பெஸ்ட்டுன்னு நான் தைரியமா சொல்வேன். வேற மாதிரி இருந்தா வேற வழி, அதைத்தான் கீழ பிரிச்சுப் பார்க்கப் போறோம்.

அதுக்கு முன்னாடி ஒரு சின்ன விஷயம், ஆனா நிறைய பேர் இதுல ஏமாந்துடுறாங்க. கார்ல ஏர் சம்பந்தமா ரெண்டு ஃபில்டர் இருக்கு. ஒண்ணு இன்ஜினுக்குப் போற காத்தை வடிகட்டுறது, அது பானெட்டுக்குள்ள கறுப்பு பிளாஸ்டிக் பாக்ஸ்ல இருக்கும். இன்னொண்ணு ஏசி ஃபில்டர், கேபின் ஃபில்டர்னும் சொல்வாங்க, அது பெரும்பாலும் டேஷ்போர்டு குளோவ் பாக்ஸுக்குப் பின்னாடி இருக்கும். பில்லுல வெறும் "ஏர் ஃபில்டர்"னு போட்டிருந்தா எதை மாத்தினாங்கன்னு கேளுங்க. இந்தக் கட்டுரை இன்ஜின் ஃபில்டரைப் பத்தி மட்டும்.

## எதை வச்சு முடிவு பண்றது?

தூசி உள்ள போகாம இருக்கிறது. இதுதான் எல்லாத்துக்கும் மேல. பெட்ரோல் இன்ஜின்ல 1 கிலோ பெட்ரோல் சரியா எரிய ஏறக்குறைய 14.7 கிலோ காத்து வேணும். 1 லிட்டர் பெட்ரோலோட எடை முக்கால் கிலோ கிட்டன்னு வச்சுக் கணக்குப் போட்டா, ஒவ்வொரு லிட்டர் பெட்ரோலுக்கும் 9,000 லிட்டருக்கு மேல காத்து அந்த ஃபில்டர் வழியா போகுது. லிட்டருக்கு 18 கி.மீ. கொடுக்கிற வண்டி 1,000 கி.மீ. ஓடினா அஞ்சு லட்சம் லிட்டர் காத்து. ஆடிக்காத்துல புழுதி பறக்கிற கரிசல் காட்டு ரோடு, குவாரி லாரி போற ரோடு, செங்கல் சூளை பக்கம்னு ஓடுற வண்டிக்கு அந்தக் காத்துல என்னெல்லாம் கலந்து வரும்னு யோசிச்சுப் பாருங்க. ரோட்டுப் புழுதில இருக்கிற மணல் தூள் சிலிக்கா, கண்ணுக்கே தெரியாத 10, 20 மைக்ரான் சைஸ்ல இருந்தாலும் பிஸ்டன் ரிங்கையும் சிலிண்டர் சுவரையும் உப்புத்தாள் மாதிரி தேய்ச்சுடும். டீசல் வண்டில காத்தை அமுக்கி இன்ஜினுக்கு அனுப்புற டர்போ வேற இருக்கு, ஃபில்டரைத் தாண்டி வர்ற தூசி முதல்ல போய் அடிக்கிறதே அதோட பிளேடுலதான்.

மொத்தச் செலவு. ஃபில்டர் விலையோட லேபர், அதுக்கு ஜிஎஸ்டி, போக வர பெட்ரோல், அரை நாள் லீவு, ஏதாவது உடைஞ்சா அதுக்கு ஆகுறது, எல்லாத்தையும் சேர்த்துப் பாருங்க.

வாரண்டியும் ரெக்கார்டும். வண்டி எத்தனை வருஷம், விக்கிற ஐடியா இருக்கா, இதெல்லாம் இதுல வரும்.

உங்க வண்டியோட பாக்ஸ் எப்படி இருக்கு. நாலு கிளிப்பைத் தட்டினா திறக்கிற வண்டியும் இருக்கு, ஹோஸ், கிளாம்ப், சென்சார் கனெக்டர் எல்லாம் கழட்டினாத்தான் மூடியைத் தூக்கவே முடியும்ங்கிற வண்டியும் இருக்கு.

மைலேஜை நான் இந்த லிஸ்ட்ல வேணும்னேதான் சேர்க்கல. "ஃபில்டர் மாத்துங்க, மைலேஜ் ஏறும்"னு எல்லா இடத்துலயும் சொல்றாங்க, கார்புரேட்டர் இருந்த பழைய மாருதி 800, அம்பாசிடர் காலத்துல அது உண்மைதான், காத்து குறைஞ்சா கலவைல பெட்ரோல் பங்கு கூடி வீணா எரியும். இப்போ இருக்கிற ஃபியூவல் இன்ஜெக்ஷன் பெட்ரோல் கார்ல ஆக்சிஜன் சென்சார் பார்த்து கம்ப்யூட்டரே பெட்ரோலைக் குறைச்சுக்கும். அமெரிக்காவுல ஓக் ரிட்ஜ் ஆய்வுக்கூடம் 2009-ல டெஸ்ட் பண்ணிப் பார்த்தப்போ, இந்த மாதிரி கார்கள்ல ஃபில்டர் நல்லா அடைச்சிருந்தாலும் மைலேஜ்ல சொல்லிக்கிற மாதிரி வித்தியாசம் இல்ல, அடிபட்டது பிக்கப்தான். அதனால மைலேஜுக்காக அவசரப்பட்டு மாத்த வேண்டாம், இன்ஜினோட ஆயுசுக்காக மாத்துங்க.

எப்போ மாத்தணும்ங்கிறதுக்கு உங்க ஓனர்ஸ் மேனுவல்தான் கணக்கு. பல பெட்ரோல் கார்களுக்கு 30,000-லிருந்து 40,000 கி.மீ. வரை போட்டிருப்பாங்க, கூடவே தூசி ரோட்டுல ஓடினா சீக்கிரமே பாருங்கன்னும் ஒரு வரி இருக்கும், நம்ம ஊர்ல முக்கால்வாசி பேர் அந்த ரெண்டாவது வரிக்குள்ளதான் வருவோம்.

## 1. வீட்டுலயே நாமளே மாத்துறது

சின்ன பெட்ரோல் காருக்கு கம்பெனி ஒரிஜினல் பேப்பர் ஃபில்டர் ஏறக்குறைய 250-லிருந்து 500 ரூபாய்க்குள்ள கிடைக்கும், பெரிய டீசல் வண்டின்னா 600-ல ஆரம்பிச்சு 1,500 வரைக்கும்கூட போகும், ஊருக்கு ஊர் கொஞ்சம் மாறும். ஒரிஜினல்தான் வேணும்னு இல்ல, பாஷ், பியூரோலேட்டர், மான், மாலே மாதிரி பேர் உள்ள கம்பெனி ஃபில்டரும் தாராளமா போடலாம். சென்னைன்னா ஜி.பி. ரோடு, மத்த ஊர்கள்ல பஸ் ஸ்டாண்டு பக்கம் இருக்கிற ஸ்பேர் பார்ட்ஸ் கடை. கடைக்குப் போகும்போது வண்டி பேரை மட்டும் சொல்லாதீங்க, ஆர்சி புக்கைப் பார்த்து மாடல் வருஷம், பெட்ரோலா டீசலா எல்லாத்தையும் சொல்லி பார்ட் நம்பரை ஒத்துப் பார்த்து வாங்குங்க. ஒரே பேர்ல ஓடுற வண்டிக்கே வருஷத்துக்கு வருஷம் ஃபில்டர் சைஸ் மாறியிருக்கும், அரை இன்ச் சின்னதா இருந்தாலும் மூடி மூடிக்கும், ஆனா ஓரத்துல தூசி நேரா உள்ள போகும்.

டூப்ளிகேட் விஷயத்துல ஜாக்கிரதையா இருங்க. டப்பால ஹோலோகிராம், எம்ஆர்பி, பார்ட் நம்பர், தயாரிச்ச மாசம் தெளிவா இருக்கணும். டப்பாவை விட ஃபில்டரையே கையில எடுத்துப் பார்த்தா இன்னும் தெரியும், பேப்பர் மடிப்பு எல்லாம் ஒரே இடைவெளில நேரா நிக்கணும், ஓரத்து ரப்பர் சுத்தி எங்கயும் விட்டுப்போகாம ஒரே தடிமனா இருக்கணும், விரலால அமுக்கினா அமுங்கி திரும்ப எழணும். கல்லு மாதிரி இறுகி இருக்கிறதை 100 ரூபாய் கம்மியா கொடுத்தாலும் வேண்டாம்னுடுங்க. குக்கர் கேஸ்கட் மாதிரிதான் அந்த ரப்பரும், அது சரியா உட்காரலேன்னா மத்ததெல்லாம் எவ்வளவு நல்லா இருந்தும் பிரயோஜனம் இல்ல.

மாத்துற வேலை இதுதான். இன்ஜின் ஆறி இருக்கணும், சாவியை எடுத்துடுங்க. பாக்ஸைத் திறக்கிறதுக்கு முன்னாடி மூடி மேலயும் சுத்தியும் இருக்கிற தூசியை ஈரத்துணியால துடைச்சிடுங்க, திறந்தப்புறம் அது உள்ள விழக்கூடாது. கிளிப்னா கட்டை விரலால மெதுவா நெம்புங்க, ஸ்க்ரூன்னா ஸ்டார் ஸ்க்ரூ டிரைவர். மூடியைத் தூக்கினதும் பழைய ஃபில்டரை வெடுக்குனு இழுக்காம, எந்தப் பக்கம் மேல இருந்துச்சுன்னு ஒரு போட்டோ எடுத்துக்கிட்டு, அழுக்குப் பக்கம் கீழ பார்த்தே இருக்கிற மாதிரி மட்டமா வெளிய எடுங்க, சாய்ச்சா அதுல இருக்கிற மண்ணு பாக்ஸ்ல கொட்டிடும்.

இப்போ அவசரப்படாம ஒரு நிமிஷம் பாக்ஸுக்குள்ள பாருங்க, வீட்டுல மாத்துறதோட பெரிய லாபமே இந்த ஒரு நிமிஷம்தான். கீழ்ப்பக்கம், அதாவது ஃபில்டருக்கு முன்னாடி காத்து வர்ற பக்கம், இலை, பூச்சி, மண்ணு இருக்கிறது சகஜம். எலி தொல்லை இருக்கிற ஏரியான்னா தேங்காய் நார், வேர்க்கடலை தோல், கிழிச்ச துணி எல்லாம் சேர்த்து கூடே கட்டியிருக்கும், சில நேரம் ஃபில்டர் பேப்பரையே கடிச்சு ஓட்டை போட்டிருக்கும். அடுத்தது மேல்பக்கம், இன்ஜினுக்குப் போற சுத்தமான பக்கம். அதோட உள் சுவர்ல சுத்தமான வெள்ளைத் துணியை விரல்ல சுத்தி ஒரு தடவை இழுத்துப் பாருங்க. துணி சுத்தமா வந்தா பழைய ஃபில்டர் வேலையை ஒழுங்கா செஞ்சிருக்கு. பழுப்பா மாவு மாதிரி ஒட்டினா சீல் சரியில்லாம தூசி இத்தனை நாள் உள்ள போயிட்டு இருந்திருக்குன்னு அர்த்தம். அப்படி வந்தா பழைய ஃபில்டரோட ரப்பர் ஓரத்தைப் பாருங்க, நல்லா அமுங்கி உட்கார்ந்திருந்தா சுத்தி ஒரே மாதிரி கோடு விழுந்திருக்கும், எந்த இடத்துல கோடு இல்லையோ அங்கதான் லீக். மூடி வளைஞ்சிருக்கலாம், கிளிப் உடைஞ்சிருக்கலாம், அதைச் சரி பண்ணாம புது ஃபில்டர் போட்டும் பிரயோஜனமே இல்ல.

கீழ்ப்பக்கத்தை வேக்யூம் கிளீனர் இருந்தா அதை வச்சு இழுங்க, இல்லேன்னா ஈரத்துணியால துடைச்சு எடுங்க. திறந்த பாக்ஸுக்குள்ள கம்ப்ரஸரோ ப்ளோயரோ வச்சு ஊதவே ஊதாதீங்க. புதுசை வைக்கும்போது மேல கீழ மார்க்கோ அம்புக்குறியோ இருந்தா அதைப் பார்த்து வச்சு, நாலு மூலையையும் விரலால அமுக்கி விடுங்க. மூடில ஒரு பக்கம் கொக்கி மாதிரி நாக்கு இருக்கும் பல வண்டில, அதை முதல்ல கீழ் பாக்ஸ்ல இருக்கிற துளைக்குள்ள நுழைச்சிட்டுத்தான் மறுபக்கம் கிளிப் போடணும், பாதிப் பேர் இதைக் கவனிக்காம கிளிப்பை மட்டும் பலவந்தமா போட்டுடுறாங்க, வெளிய பார்த்தா மூடின மாதிரியே இருக்கும், பின்பக்கம் இடைவெளி விழுந்திருக்கும். ஸ்க்ரூன்னா முதல்ல இடது பக்கமா லேசா சுத்துங்க, "டக்"குனு ஒரு இடத்துல இறங்கும், அங்க இருந்து வலது பக்கமா முடுக்குங்க, அப்போதான் பிளாஸ்டிக்ல ஏற்கனவே இருக்கிற மரையிலேயே ஸ்க்ரூ போகும். கையில இறுக்கமா தெரிஞ்சதும் நிறுத்திடுங்க, பலம் காட்டினா மரை போயிடும்.

மறைமுகச் செலவுன்னு பார்த்தா, பழைய வண்டில இன்ஜின் சூட்டுல அந்த பிளாஸ்டிக் கிளிப் எல்லாம் மொறுமொறுன்னு ஆயிருக்கும், ஒண்ணு உடைஞ்சா தனியா கிடைக்காத வண்டியும் இருக்கு, அப்போ முழு பாக்ஸே வாங்க வேண்டி வரும். ஸ்க்ரூ ஒண்ணு இன்ஜின் பேக்குள்ள விழுந்து எங்கயோ போய் மாட்டிக்கிட்டா அதைத் தேடுறதுக்கே ஒரு மணி நேரம், அதனால காந்த முனை உள்ள ஸ்க்ரூ டிரைவர் வச்சுக்கிறது நல்லது.

யாருக்கு இது சரி? வாரண்டி முடிஞ்ச வண்டி, கிளிப்போ நாலு ஸ்க்ரூவோ மட்டும் இருக்கிற பாக்ஸ், தூசி ரோட்டுல ஓடுறதால சர்வீஸுக்கு நடுவுல ஒரு தடவை மாத்த வேண்டியவங்க, இவங்களுக்கு கண்ண மூடிட்டு இதுதான். ஏர் ஃப்ளோ சென்சார் (இன்ஜினுக்குள்ள எவ்வளவு காத்து போகுதுன்னு அளக்கிறது) வயர் மூடி மேலயே உட்கார்ந்திருக்கிற டீசல் வண்டின்னா, இக்னிஷன் ஆஃப்ல கனெக்டரை லாக்கை அமுக்கி எடுக்கத் தெரியும்ங்கிற நம்பிக்கை இருந்தா மட்டும் இறங்குங்க.

## 2. ஆத்தரைஸ்டு சர்வீஸ் சென்டர்

இங்க ரெண்டு விதமா பார்க்கணும். பீரியாடிக் சர்வீஸுக்கு எப்படியும் வண்டியை விடுறீங்க, கி.மீ. கணக்குல ஃபில்டர் மாத்துற முறை வந்திருக்குன்னா, அங்கயே மாத்திடுங்க. அந்த சர்வீஸ் லேபருக்குள்ளயே இந்த வேலையும் பெரும்பாலும் வந்துடும், ஒரிஜினல் பார்ட்தான் வரும், ஜாப் கார்டுலயும் சர்வீஸ் ஹிஸ்டரிலயும் ஏறும், நாளைக்கு வண்டியை விக்கும்போது அந்த ஹிஸ்டரிக்கு மதிப்பு இருக்கு. ஃபில்டர் ஒண்ணுக்காக மட்டும் தனியா போறதுன்னா கணக்கு மாறிடும், லேபர், அதுக்கு 18 சதவீத ஜிஎஸ்டி, போக வர நேரம், காலைல விட்டா சாயங்காலம்தான் வண்டி, இதுக்கு நடுவுல "சார், வீல் அலைன்மென்ட் பார்த்துடலாமா, த்ராட்டில் பாடி க்ளீனிங் போட்டுடலாமா"ன்னு ஒரு போன் வரும், 400 ரூபாய் வேலை 3,000 ஆகிடும்.

இன்னொரு பிரச்சினை, நீங்க பக்கத்துல நிக்க முடியாது. மாத்தினாங்களா, மாத்தினப்போ கீழ்ப்பாக்ஸைத் துடைச்சாங்களான்னு தெரியாது. அதுக்கு ஒரு வழி இருக்கு, வண்டியை விடும்போதே "பழைய பார்ட்ஸ் எல்லாம் திருப்பிக் கொடுங்க"ன்னு ஜாப் கார்டுல எழுத வச்சிடுங்க. நீங்க கேட்டா கொடுத்துடுவாங்க. அந்த பழைய ஃபில்டரைப் பார்த்தாலே உண்மையிலேயே மாத்துற நிலைமைல இருந்துச்சான்னும் உங்களுக்குத் தெரிஞ்சிடும்.

வாரண்டி பத்தி பயம் நிறைய பேருக்கு இருக்கு. வாரண்டி இருக்கிற வரைக்கும் ஷெட்யூல் சர்வீஸை வெளிய பண்ணாம இருக்கிறதுதான் நிம்மதி. சரியான ஃபில்டரை நடுவுல நீங்களே ஒரு தடவை மாத்தினதால மட்டும் இன்ஜின் வாரண்டியே போயிடும்னு பயப்படத் தேவையில்ல, ஆனா ஃபில்டர் பில்லை பத்திரமா வச்சுக்கோங்க, தூசி போய் இன்ஜின் தேய்ஞ்சதுன்னு ஒரு நாள் பேச்சு வந்தா அந்த பில்தான் உங்க பக்கம் பேசும். வியாபாரப் போட்டி நியாயமா நடக்குதான்னு பார்க்கிற மத்திய அரசு அமைப்பான காம்பெட்டிஷன் கமிஷன் 2014 ஆகஸ்டுல 14 கார் கம்பெனிகளுக்கு ஸ்பேர் பார்ட்ஸை வெளி மார்க்கெட்ல தாராளமா கிடைக்க விடலைன்னு 2,500 கோடி ரூபாய்க்கு மேல அபராதம் போட்டுச்சு, வெளிய சர்வீஸ் பண்ணினாலே வாரண்டி கேன்சல்னு பொத்தாம்பொதுவா சொல்லக்கூடாதுங்கிறதும் அந்த உத்தரவுல இருந்துச்சு. அதை எதிர்த்து கம்பெனிகள் அப்பீலுக்குப் போயிட்டாங்க, அதனால அதை மட்டும் நம்பி கவுண்டர்ல சண்டைக்குப் போகாதீங்க, வாரண்டி கார்டுல என்ன எழுதியிருக்குன்னு படிச்சுட்டுப் பேசுங்க.

யாருக்கு சரி: வாரண்டில இருக்கிற வண்டி, பாக்ஸ் சிக்கலா இருக்கிற வண்டி, டிபிஎஃப் (புகைல வர்ற கரியைப் பிடிக்கிற ஃபில்டர்) இருக்கிற பிஎஸ்6 டீசல். கடைசி ஆளுங்க கொஞ்சம் கூடுதலாவே கவனமா இருக்கணும், காத்து பத்தாம புகைக்கரி கூடினா டிபிஎஃப்பும் சீக்கிரம் அடைக்கும், அதுக்கு ஆகுற செலவு ஃபில்டர் செலவோட ஒப்பிடவே முடியாது.

## 3. நம்ம ஏரியா மெக்கானிக்

நல்ல மெக்கானிக் ஒருத்தர் பழக்கத்துல இருந்தா இது ரொம்ப நல்ல வழி. ஃபில்டரை நீங்களே வாங்கிட்டுப் போங்க, அவர் 50, 100 வாங்கிட்டு உங்க கண் முன்னாடியே போட்டுக் கொடுத்துடுவாரு, அப்படியே பெல்ட்டு, கூலன்ட்டு எல்லாத்தையும் ஒரு பார்வை பார்த்துடுவாரு. சென்சார், ஹோஸ் கழட்டுறதெல்லாம் அவருக்கு தினசரி வேலை.

கஷ்டம் எங்கன்னா, ஃபில்டரை அவரே வாங்கட்டும்னு விட்டா எந்த கம்பெனி வருதுங்கிறது உங்க கையில இல்ல. இன்னொண்ணு பழக்கதோஷம், பாக்ஸைத் திறந்ததும் கம்ப்ரஸர் ஹோஸை எடுத்து பாக்ஸுக்குள்ளயே ஒரு அடி அடிக்கிறது. கீழ்ப்பக்க மண்ணு முழுக்க மேல கிளம்பி இன்ஜினுக்குக் காத்து போற பைப்புக்குள்ள போயிடும். "அண்ணே, ஏர் அடிக்காதீங்க, துணியால துடைச்சுடுங்க"ன்னு முன்னாடியே சொல்லிடுங்க, நல்ல மெக்கானிக் யாரும் கோவிச்சுக்க மாட்டாங்க.

வீட்டுல மாத்த பயம், சர்வீஸ் சென்டர் தூரம், வாரண்டி முடிஞ்சிருச்சுன்னா இதைத் தேர்ந்தெடுங்க.

## 4. கழுவி யூஸ் பண்ற காட்டன் ஃபில்டர்

கே அண்ட் என் மாதிரி கம்பெனிகளோடது. பேப்பருக்குப் பதில் காட்டன் துணி, அதுல எண்ணெய் தடவி இருக்கும், அந்த எண்ணெய்தான் தூசியைப் பிடிக்கும். விலை கார் ஃபில்டருக்கு ஏறக்குறைய 4,000-லிருந்து 7,000 வரை, கழுவுறதுக்கு தனி கெமிக்கலும் எண்ணெயும் சேர்ந்த கிட் 1,500 பக்கம்.

கணக்குப் போட்டா, 400 ரூபாய் பேப்பர் ஃபில்டர் போடுற வண்டிக்கு 5,000 ரூபாய் ஃபில்டரும் கிட்டும் வாங்கினா, அந்தக் காசுக்கு 15, 16 பேப்பர் ஃபில்டர் வாங்கலாம். ஒவ்வொண்ணையும் 20,000 கி.மீ.க்கே தூக்கிப் போட்டாலும் மூணு லட்சம் கி.மீ. வந்துடும், வண்டியே அவ்வளவு ஓடுமான்னு பாருங்க. டேக்ஸி, டிராவல்ஸ் வண்டிக்குக்கூட இதுல மிச்சம் கிடையாது.

அதை விட முக்கியம் தூசி. நல்ல பேப்பர் ஃபில்டர் ஐஎஸ்ஓ 5011-ங்கிற சர்வதேச ஏர் ஃபில்டர் டெஸ்ட் முறைல பார்க்கும்போது 99 சதவீதத்துக்கு மேல தூசியைப் பிடிக்கிறது சாதாரணம். காத்து லேசா போகணும்னு பண்ற ஃபில்டர்ல ஒண்ணு ரெண்டு சதவீதம் குறைஞ்சாக்கூட, கேக்க சின்னதா இருக்கும், ஆனா 99-க்கு பதில் 97 பிடிச்சா உள்ள போற தூசி மூணு மடங்கு. சுத்தமான ரோட்டுல ஓடுற ஊர்ல அது பெருசா தெரியாது, நம்ம புழுதிக்கு எனக்கு இதுல இஷ்டமே இல்ல. எண்ணெயைக் கொஞ்சம் அதிகமா தடவிட்டாலும் ஏர் ஃப்ளோ சென்சார்ல இருக்கிற மெல்லிசான கம்பில அது படியும், சென்சார் தப்பா காத்து கணக்கு சொல்ல ஆரம்பிக்கும். எண்ணெய் குறைஞ்சா தூசி நேரா உள்ள. கழுவின பிறகு நிழல்ல முழுசா காயணும், அது வரைக்கும் வண்டி நிக்கணும்.

ட்யூனிங் பண்ணின வண்டி, ட்ராக்ல ஓட்டுறவங்க, கழுவி எண்ணெய் போடுறதை ஒழுங்கா பண்ற பொறுமை உள்ளவங்க எடுத்துக்கலாம். ஆபீஸுக்கும் ஊருக்கும் ஓட்டுறவங்களுக்கு நான் சொல்ல மாட்டேன்.

## 5. பழசையே ஏர் அடிச்சுப் போடுறது

செலவே இல்லாத வழிங்கிறதால ரொம்பப் பேர் பண்றாங்க. சில கம்பெனி சர்வீஸ் முறைலயே காஞ்ச பேப்பர் ஃபில்டரை சுத்தமான பக்கத்துல இருந்து அழுக்குப் பக்கமா லேசா ஊதலாம்னு இருக்கு, அதுவும் அடுத்து மாத்துற வரைக்கும் நடுவுல பண்ற வேலைதான், மாத்துறதுக்குப் பதில் கிடையாது. பெட்ரோல் பங்க்ல இருக்கிற கம்ப்ரஸர் பிரஷர்ல கிட்ட வச்சு ஊதினா பேப்பர்ல ஊசி ஓட்டை விழும், வெளிய பார்க்கத் தெரியாது. இருட்டுல பின்பக்கம் டார்ச் அடிச்சுப் பாருங்க, மங்கலா ஒரே மாதிரி வெளிச்சம் தெரிஞ்சா பரவாயில்ல, பொட்டு பொட்டா பளிச்சுனு தெரிஞ்சா அதைத் தூக்கிப் போட்டுடுங்க.

எண்ணெய்ப் பசை ஏத்தின பேப்பர் ஃபில்டரும் இருக்கு, ஆக்டிவா மாதிரி ஸ்கூட்டர்ல வர்றது அந்த வகைதான், அதை ஊதவும் கூடாது, கழுவவும் கூடாது, நேரா மாத்துறதுதான். பேப்பர் ஃபில்டரை சோப்புத் தண்ணில அலசுறவங்களும் இருக்காங்க, தயவுசெஞ்சு வேண்டாம், பேப்பர் ஊறி மடிப்பு எல்லாம் ஒட்டிக்கும்.

இன்னொண்ணும் இருக்கு. ஃபில்டர்ல லேசா தூசி படிஞ்சிருக்கிறது அதுவே ஒரு வடிகட்டி மாதிரி வேலை செய்யும், புத்தம் புதுசை விட கொஞ்சம் ஓடின ஃபில்டர் நுண்ணிய தூசியை நல்லாவே பிடிக்கும். அதனால மாசா மாசம் திறந்து ஊதுறதுல நல்லதை விட கெடுதல்தான் ஜாஸ்தி, திறக்கிற ஒவ்வொரு தடவையும் உள்ள தூசி விழ ஒரு வாய்ப்பு, ரப்பரும் ஒவ்வொரு தடவையும் கொஞ்சம் தளரும்.

## ஒரே பார்வையில

| வழி | ஏறக்குறைய செலவு (சின்ன பெட்ரோல் கார்) | நேரம் | மறைஞ்சிருக்கிற செலவு | யாருக்கு |
|---|---|---|---|---|
| வீட்டுலயே | 250–500 | 15–30 நிமிஷம் | கிளிப் உடையுறது, தப்பு சைஸ், டூப்ளிகேட் | வாரண்டி முடிஞ்ச, கிளிப் பாக்ஸ் வண்டி |
| சர்வீஸ் சென்டர் | ஃபில்டர் விலை, தனியா போனா லேபரும் ஜிஎஸ்டியும் | அரை நாள், ஒரு நாள் | கூடுதல் வேலைகள், லீவு | வாரண்டி வண்டி, பிஎஸ்6 டீசல் |
| மெக்கானிக் | ஃபில்டர் + 50–100 | அரை மணி | எந்த கம்பெனி பார்ட், பாக்ஸ்ல ஏர் அடிக்கிறது | நம்பகமான ஆள் பக்கத்துல இருந்தா |
| காட்டன் ஃபில்டர் | 4,000–7,000 + கிட் | கழுவிக் காய வைக்க ஒரு நாள் | சென்சார்ல எண்ணெய், கூடுதல் தூசி | ட்யூனிங் வண்டி |
| ஏர் அடிக்கிறது | கிட்டத்தட்ட இல்ல | 10 நிமிஷம் | ஊசி ஓட்டை, இன்ஜின் தேய்மானம் | மேனுவல் அனுமதிச்சா, நடுவுல மட்டும் |

## எந்த வழில போட்டாலும்

மாத்தினப்புறம் ஸ்டார்ட் பண்ணி ஒரு நிமிஷம் ஐடில்ல விட்டு, பாக்ஸ் பக்கம் காது வச்சுக் கேளுங்க, "ஸ்ஸ்"ஸுன்னு காத்து இழுக்கிற சத்தம் மூடி ஓரத்துல கேட்டா ஆஃப் பண்ணிட்டு திரும்ப மூடிப் பாருங்க. செக் இன்ஜின் லைட் எரிஞ்சா சென்சார் கனெக்டரை மாட்ட மறந்திருப்பாங்க, இல்ல ஹோஸ் கிளாம்ப் லூசா இருக்கும். மாத்தின தேதியையும் கி.மீ.யையும் பாக்ஸ் மூடி மேலயே மார்க்கர்ல எழுதி வச்சுடுங்க, அடுத்து யார் திறந்தாலும் தெரியும்.

மழை வெள்ளத்துல வண்டி நின்னிருந்தா மட்டும் மேல சொன்ன எதுவும் பொருந்தாது. 2015 டிசம்பர்ல சென்னை வெள்ளத்திலயும், 2023-ல மிக்ஜாம் புயல் வந்தப்பவும் தண்ணி இறங்கினதும் அவசரத்துல சாவியைத் திருப்பி இன்ஜினைப் பறிகொடுத்தவங்க ரொம்பப் பேர். தண்ணி இறங்கினப்புறம் ஸ்டார்ட் பண்ணாம முதல்ல ஏர் பாக்ஸைத் திறந்து பாருங்க. ஃபில்டர் ஈரமா இருந்தாலோ பாக்ஸ்ல தண்ணி நின்னாலோ இன்ஜினுக்குள்ளயும் தண்ணி போயிருக்க வாய்ப்பு இருக்கு, தண்ணியை பிஸ்டனால அமுக்க முடியாது, கனெக்டிங் ராடு வளைஞ்சிடும். ஃபில்டரைக் காய வச்சுப் போட்டு ஓட்டிப் பார்க்கலாம்னு நினைக்காதீங்க. பேட்டரி வயரைக் கழட்டிட்டு, ஈரமா இருக்கிற ஃபில்டரை போட்டோ எடுத்து இன்சூரன்ஸுக்கு அனுப்பிட்டு, டோ பண்ணிக் கொண்டு போகச் சொல்லுங்க.